பேர் கேட்ட தண்ணீர்

அஸ்தினாபுரம், குரோம்பேட்டை.
1989, மே மாதம்.

திருமதி அபிதகுஜாம்பாள் அவர்களுக்கு,

அன்றைக்கு எங்கள் வீட்டுக் கூடத்தில் யார் யார் இருந்தார்கள், எங்கெங்கே உட்கார்ந்திருந்தார்கள் என்பதை முதலில் எழுதிவிடுகிறேன். சாமி அலமாரிக்கு எதிரே பலகை போட்டு என் அக்கா கிளியம்மாள். அவளுக்கு வலப்பக்கம் தரையில் என் தம்பி மனைவி சாமுண்டீஸ்வரி. அடுத்து என் தம்பி கேசவன். தரையில் உட்காரும் பழக்கம் விட்டுப்போனதால் ஒரு காலை நீட்டியிருந்தான். அவனை அடுத்துச் சுவரில் சாய்ந்தபடி என் ஒரே மகள். கடைசியாகச் சமையலறை நிலைப்படியோரம் நான். வாசல் பக்கத்து நாற்காலியில் அடுத்த வீட்டு வில்பிரட் சார். ரயில்வே ஆஸ்பத்திரியில் கம்பவுண்டராக இருந்து ரிடையர் ஆனவர். கேசவன் ஊரிலிருந்து வந்திருக்கிறான் என்று பார்க்க வந்தவர்.

இதில் இன்றைக்கு உயிரோடு இருப்பது வில்பிரட் சார், நான், என் மகள். என் மகள் இனிமேலும் உயிரோடு இருக்க வேண்டும். அதற்காகத்தான் இந்தக் கடிதம்.

என்னை உங்களுக்கு நினைவிருக்கும். சிங்கப்பெருமாள் கோவிலில் பார்த்துக்கொண்டோம். என் மகள் பெயரும் உங்கள் பெயரும் ஒன்று. இந்தக் கடிதத்தில் அவளை மகள் என்று மட்டும்தான் எழுதுவேன். வீட்டிலும் இப்போது பேபி என்றுதான் கூப்பிடுகிறேன். ஏன் என்பதை வரிசையாகச் சொல்கிறேன். அவசரப்படாமல் படியுங்கள்.

கேசவன் ரஷ்யாவில் ஸ்காலர்ஷிப்பில் ஜியாலஜி படித்து அங்கேயே சர்வே வேலையில் சேர்ந்துவிட்டவன். கல்யாணம் பண்ணி சாமுண்டியை அக்காவிடம் விட்டுவிட்டுப் போனான். எப்போதாவது லீவில் வருவான். கடைசியாக அவனுக்கு வேலை, பூமியின் வட கோடியில் ஒரு ஆற்றின் மேல். அங்கே மரமே கிடையாதாம். கண்ணுக்கு எட்டின வரைக்கும் பாசியும் ஈரமும்தான். முழங்கால் உயரத்துக்கு மேல் எதுவும் வளராது. கோடையில் சூரியன் மறையாது, குளிர்காலத்தில் வராது. அந்தத் தரிசின் நடுவே, நம் பாலாற்றைப்போலப் பல மடங்கு அகலமாக, கறுப்பாக, அந்த ஆறு வடக்கே ஓடுகிறது. வருஷத்தில் பெரும்பகுதி மேலே பனிக்கட்டி மூடியிருக்கும். அடியில் தண்ணீர் ஓடிக்கொண்டேதான் இருக்கும்.

அதன் கரையில் கொஞ்சம் ஜனங்கள் இருக்கிறார்கள். மான் மேய்ப்பவர்கள், வலை போடுகிறவர்கள். கோடையில் படகு, குளிரில் அதே ஆற்றின் மேலேயே சறுக்கு வண்டி. பனிக்கட்டியில் கிணறு மாதிரி துளை போட்டு அதன் வழியாக மீன் எடுப்பார்கள். குடிக்கிற தண்ணீரும் அதே துளையிலிருந்துதான். எதற்கும் பயப்படாத ஜனங்கள் என்று கேசவன் சொன்னான். ஒரு விஷயத்தைத் தவிர.

ஆற்றின் பக்கத்தில் யாரும் யாரையும் பேர் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள்.

ஆற்றுக்கு வந்தால் வேறு பேர். கெட்டில், கிழிந்த வலை, அரைக் கரண்டி, இப்படி. கேசவனுக்கு அவர்கள் வைத்த பேர் கருந்தேநீர். அவனைப் படகில் கூட்டிப்போன கிழவருக்குப் பேர் இடது பூட்ஸ். அவருடைய நிஜப் பேர் கேசவனுக்குக் கடைசி வரை தெரியாது.

"ஏன் சித்தப்பா, பேர் சொன்னா என்ன ஆகும்?" என்று என் மகள் கேட்டாள்.

"ஆறு கேட்டுக்குமாம். கேட்டுக்கிட்டா, அப்புறம் அது கூப்பிடுமாம்."

"கூப்பிட்டா?"

"யாராவது 'இதோ'ன்னு சொல்ற வரைக்கும் கூப்பிட்டுக்கிட்டே இருக்குமாம்" என்று சொல்லிச் சிரித்தான். படித்தவன், சிரித்தான். நாங்களும் சிரித்தோம்.

பிறகு பெட்டியிலிருந்து கண்ணாடிப் புட்டி ஒன்றை எடுத்தான். சர்வேக்காக எடுத்த மாதிரித் தண்ணீர். ஞாபகத்துக்காக ஒன்றை வைத்துக்கொண்டானாம். எடுத்துக்கொண்டு போவதற்கு இடது பூட்ஸ் தடை சொல்லவில்லை. "கொண்டு போ. நீ யாருன்னு மட்டும் அதுகிட்ட சொல்லிடாதே" என்றாராம்.

அக்கா அந்தப் புட்டியைக் கையில் வாங்கியதும் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். உங்களுக்கே தெரியும், நம் வீடுகளில் காசிக்குப் போய் வந்தால் கங்கைச் செம்பை உடைத்து எல்லோருக்கும் பங்கு வைப்போம். அக்காவுக்குக் காசி போகக் கொடுத்து வைக்கவில்லை.

"கங்கை இமயமலைல இருந்து வருது. இது அதுக்கும் மேலேர்ந்து வருது. பூமியோட உச்சந்தலைத் தண்ணிடா இது" என்றாள்.

"அக்கா, அது லேப் சாம்பிள். குடிக்கறதுக்கு இல்ல."

"அந்த ஊரு ஜனம் குடிக்குது இல்ல? நமக்கு மட்டும் இன்னா வந்துடும்? சும்மா கெட."

செப்புச் செம்பில் ஊற்றித் துளசி போட்டாள். சாமி விளக்கை ஏற்றினாள். அப்போதுதான் கேசவன் முகத்தில் சிரிப்பு குறைந்தது.

"சரிக்கா, குடு. பேர் மட்டும் சொல்லாதே."

"போடா பைத்தியக்காரா. பேர் சொல்லாம தீர்த்தம் குடுத்தா, அது யாருக்குப் போய்ச் சேரும்?"

செம்பின் வாய்க்கு நேரே குனிந்து, கோவில் குருக்களைப் போலவே சொன்னாள். முதலில் தன் பேரும் நட்சத்திரமும். கிளியம்மாள், விசாகம். ஒரு உத்தரணி குடித்தாள். சாமுண்டீஸ்வரி, பூரம். அவளுக்கு ஒரு உத்தரணி. கேசவன், திருவோணம். அவன் மறுக்காமல் கை நீட்டினான். அவனை வளர்த்தவள் அவள்தான். அப்புறம் என் மகளின் முழுப் பேரும், ரோகிணி நட்சத்திரமும். அக்கா அந்தப் பேரை ஒரு எழுத்து விடாமல், நீட்டி முழக்கிச் சொன்னாள். என் முறை வந்தபோது செம்பில் தண்ணீர் இல்லை. எனக்குக் கொஞ்சம் வருத்தம்கூட.

வில்பிரட் சார் கையெடுத்துக் கும்பிட்டு, "எனக்கு ஞானஸ்நானத் தண்ணி ஒண்ணே போதும்மா" என்றார். எல்லோரும் சிரித்தார்கள்.

"ஐயோ, ஐஸ் வாட்டர்!" என்றாள் என் மகள், கன்னத்தைப் பிடித்துக்கொண்டு.

கத்திரி வெயில். அத்தனை தூரம் பெட்டியில் வந்த தண்ணீர். காலிச் செம்பின் வெளிப்புறம் உப்புப் பூத்தது மாதிரி வெள்ளையாக ஏதோ படிந்திருந்தது. அக்கா முந்தானையால் துடைத்தாள். மறுபடி படிந்தது.

எங்கள் வீட்டுப் பின்கட்டில் கிணறு உண்டு. அந்தக் காலத்தில் எங்கள் வயலுக்கு இறைத்த கிணறு. வயலெல்லாம் பிளாட் ஆகிவிட்டது. கிணறு மட்டும் நிற்கிறது. இந்த வருஷம் பங்குனியிலேயே வற்றி, அடிச் சேறு வெடித்துக் கிடந்தது. லாரித் தண்ணீர் பிடித்துத்தான் காலம் தள்ளிக்கொண்டிருந்தோம்.

சத்தம் அந்தக் கிணற்றிலிருந்துதான் முதலில் வந்தது. மறுநாள் நல்ல மத்தியானம். தெருவில் நாய்கூட நடமாடாத வெயில். தாம்பரம் யார்டில் கூட்ஸ் பெட்டிகளைக் கோர்க்கும்போது ஒரு முனையில் தொடங்கி மறு முனை வரை ஓடுமே, அந்த மாதிரி ஒரு சத்தம் பூமிக்கு அடியில் ஓடியது.

படித்துக்கொண்டிருந்த பேப்பரைக் கேசவன் கீழே போட்டான்.

"பனிக்கட்டி உடையுது" என்றான்.

போய் எட்டிப் பார்த்தோம். கிணற்றில் தண்ணீர் இருந்தது. கறுப்பு. அசையவில்லை என்றுதான் முதலில் தோன்றியது. உற்றுப் பார்த்தால் ஓடிக்கொண்டிருந்தது. எங்கள் கிணற்று வட்டத்துக்குள், ஒரு பக்கச் சுவரிலிருந்து மறுபக்கச் சுவருக்கு, வேகமாக. ஈரத்தோல் நாற்றம், பச்சை மீன் நாற்றம், அதோடு எரிந்த பாசியின் புகை. முகத்தில் குளிர் அடித்தது.

அப்போது உள்ளிருந்து கூப்பிட்டது.

"கிளி. யம். மாள்."

தமிழ் தெரியாத ஆள் எழுத்துக் கூட்டிப் படிப்பது மாதிரி. ஆண் குரலா பெண் குரலா என்று சொல்ல முடியாது.

அக்கா சமையலறையில் அம்மிக்குப் பக்கத்தில் இருந்தாள். கேசவன் "அக்கா! பேசாதே!" என்று கத்திக்கொண்டு ஓடினான். அவளுக்குக் காது கொஞ்சம் மந்தம். தம்பி கத்தியது கேட்கவில்லை. அது கூப்பிட்டது மட்டும் கேட்டது.

"எவண்டா அவன், மட்டு மரியாதை இல்லாம பேர் சொல்லிக் கூப்புடறவன்? தோ வரேன், இரு!"

வரேன் என்று சொல்லிவிட்டாள்.

நாங்கள் போவதற்குள் மல்லாந்து கிடந்தாள். புடவை காய்ந்திருந்தது. தரை காய்ந்திருந்தது. அவள் வாய் திறந்து திறந்து மூடியது. கைகள் இரண்டையும் தலைக்கு மேல் தூக்கி, வெறும் காற்றில் எதையோ தட்டினாள். அங்கே எதுவும் இல்லை. ஆனால் உள்ளங்கை பட்ட இடத்தில் தட்டையாக நசுங்கியது, கண்ணாடியில் அழுத்தினால் நசுங்குமே, அப்படி. பிறகு நகத்தால் பிறாண்டினாள். நகங்கள் பிய்ந்தன. எங்களைப் பார்த்துக்கொண்டேதான் பிறாண்டினாள். நாங்கள் மேலே நிற்கிறோம், அவள் பனிக்கட்டிக்கு அடியில் இருக்கிறாள்.

வில்பிரட் சார் சுவரேறிக் குதித்து வந்தார். புரட்டிப் போட்டு முதுகை அமுக்கினார். தண்ணீர் வந்தது. அமுக்க அமுக்க வந்தது. கறுப்புத் தண்ணீர், அதில் பாசித் துணுக்குகள், சின்ன விரல் நீளத்தில் ஒரு மீன். அது சமையலறைத் தரையில் துள்ளியது. கேசவன் அவள் கையைப் பிடித்திருந்தான். உயிர் போன பிறகு அவன் விரல்களை அவள் விரலிலிருந்து பிரிக்கச் சுடுதண்ணீர் ஊற்ற வேண்டியிருந்தது. குளிரில் தோல் ஒட்டிக்கொண்டுவிட்டது.

சீக்கிரம் முடிந்திருந்தால் பரவாயில்லை. முடியவில்லை. வெகு நேரம் ஆனது.

"நாப்பது வருஷ சர்வீஸ்ல ஏரியில விழுந்தவன், கிணத்துல விழுந்தவன் எல்லாரையும் பாத்திருக்கேன் சார்" என்றார் வில்பிரட் சார், திண்டாடிப்போய். "வூட்டுக்குள்ள காஞ்ச தரையில மூழ்கிச் செத்தவங்கள பாத்ததில்ல." ஹார்ட் அட்டாக் என்று சொல்லிக்கொள்ளலாம் என்றும் அவர்தான் சொன்னார். அப்படியே சொன்னோம்.

காரியம் முடிவதற்குள் கிணறு மறுபடி கூப்பிடத் தொடங்கியது.

இந்தத் தடவை எழுத்துக் கூட்டவில்லை. சரளமாகக் கூப்பிட்டது. அக்காவின் குரல். அதே கண்டிப்பு, அதே மூச்சிரைப்பு.

"சாமுண்டீஸ்வரி! ஏ சாமுண்டீஸ்வரி!"

கடைசியாகப் பதில் சொன்னவர் குரலை அது எடுத்துக்கொள்கிறது என்று கேசவன் சொன்னான். அதுவும் இடது பூட்ஸ் சொன்னதாம். இத்தனை நாள் ஞாபகம் வராதது அப்போது வந்தது. வீட்டில் இருந்த தண்ணீரையெல்லாம் கொட்டினோம். குடங்களைக் கவிழ்த்தோம். கிணற்றைப் பலகை போட்டு மூடி மேலே அம்மிக்கல்லை வைத்தோம். எல்லோரும் காதில் பஞ்சு அடைத்துக்கொண்டோம். குரல் பலகை வழியாக வந்தது, பஞ்சு வழியாக வந்தது, கவிழ்த்து வைத்த குடத்துக்குள்ளிருந்தும் வந்தது.

சாமுண்டி நல்ல தைரியசாலி. பல்லைக் கடித்துக்கொண்டு, கண்ணை மூடிக்கொண்டு, கேட்டுக்கொண்டே இருந்தாள். ஆனால் கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அக்காவின் குரலுக்கு எழுந்து ஓடியே பழக்கப்பட்டவள். சாயங்காலம் அடுப்பில் பால் வைத்துவிட்டு அசதியில் சுவரோரம் கண் அயர்ந்தாள். அதற்காகத்தான் அது காத்திருந்ததுபோல் இருக்கிறது.

"சாமுண்டீஸ்வரி!"

"தோ வந்துட்டேங்க்கா" என்றாள், கண்ணைத் திறக்காமலே.

சட்டென்று கையால் வாயைப் பொத்திக்கொண்டாள். பொத்திய விரல் சந்துகள் வழியாகத் தண்ணீர் வந்தது.

இவளுக்கும் சீக்கிரம் முடியவில்லை. பால் பொங்கி வழிந்து அடுப்பு அணைந்தது. யாரும் எழுந்து போகவில்லை.

அன்றைக்குக் கேசவன் மீதி எல்லாவற்றையும் சொன்னான். கிணற்றுச் சுவரில் உட்கார்ந்து, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னான். தப்பிக்க ஒரு வழி உண்டு. அந்த ஆற்றங்கரை ஜனங்கள் அதைச் செய்திருக்கிறார்கள். இடது பூட்ஸே அப்படித் தப்பித்தவர்தானாம். அவர் இளவயதில் ஏதோ குழந்தை விளையாட்டாக அவர் பேரை ஆற்றில் கத்திவிட்டது. சொந்தக்காரர்கள் தூரத்துக் குடியிருப்பு ஒன்றுக்குப் போய், அதே பேர் உள்ள ஒரு ஆளைத் தேடிப் பிடித்து, விருந்துக்கு என்று கூட்டிவந்தார்கள். நன்றாகச் சாப்பாடு போட்டார்கள். ஆற்றுத் தண்ணீர் அவன் கையில் படுகிற மாதிரி நிறுத்தி, பின்னாலிருந்து பேரைச் சொல்லிக் கூப்பிட்டார்கள். அவன் திரும்பி, "நான்தான்" என்றான்.

ஆற்றுக்குப் பேர்தான் தெரியும். முகம் தெரியாது.

"அதோட இன்னொரு விதியும் இருக்கு அண்ணா" என்றான் கேசவன். "போறவன்கிட்ட விஷயத்தைச் சொல்லிடணுமாம். ஒண்ணும் தெரியாம ஏமாந்து போனவனை ஆறு வச்சுக்காதாம். திருப்பி அனுப்பிட்டு, பழைய ஆளையே கேக்குமாம்."

"எப்பச் சொல்லணும்? முன்னாலயா, பின்னாலயா?"

அவன் என்னைத் திரும்பிப் பார்த்தான். "இது ஒரு கேள்வியா அண்ணா?"

"கேக்கறேன், சொல்லு."

"அவங்க பின்னாலதான் சொன்னாங்களாம். பதில் சொன்னதுக்கு அப்புறம், மூச்சு நிக்கறதுக்கு முன்னால. அந்த ஆளோட பொண்டாட்டிக்கு வருஷா வருஷம் ஒரு வண்டி மீன் அனுப்புவாங்களாம். இதெல்லாம் மனுஷன் செய்யற வேலையா?"

நான் உள்ளே திரும்பிப் பார்த்தேன். கூடத்தில் என் மகள் படுத்திருந்தாள். வரிசையில் இவனுக்கு அடுத்து அவள்.

மறுநாள் அது அவனைக் கூப்பிட்டது. சாமுண்டியின் குரல்.

அம்மா, எங்கள் குடும்பத்தில் பெண்கள் புருஷன் பேரைச் சொல்ல மாட்டார்கள். உங்கள் வீட்டிலும் அப்படித்தான் இருக்கும். சாமுண்டி அவனை "ஏங்க" என்றதுக்கு மேல் கூப்பிட்டதில்லை. அவன் கெஞ்சுவான். ரஷ்யாவில் எல்லாப் பெண்களும் பேர் சொல்லித்தான் கூப்பிடுவார்கள், ஒரு தடவை சொல்லேன் என்பான். அவள் வெட்கப்பட்டு உள்ளே ஓடிவிடுவாள்.

இப்போது கிணற்றிலிருந்து கூப்பிட்டாள். மெதுவாக, வெட்கத்தோடு.

"கேசவன்."

அவன் சிரித்தான். கன்னத்தில் கண்ணீர் வழிய வழியச் சிரித்தான். நான் அவன் வாயைப் பொத்தப் போனேன். என் கையைத் தள்ளிவிட்டான்.

"எத்தனை வருஷம் கேட்டேன் அண்ணா."

"டேய், வேணாண்டா. நீ போயிட்டா அடுத்து என் பொண்ணுடா."

கேட்டதா இல்லையா என்று எனக்குத் தெரியாது. கிணற்றுப் பக்கம் திரும்பி, "சொல்லு சாமுண்டி" என்றான்.

அவனும் பிறாண்டினான். விரும்பிப் போனவனும் அடியில் போனதும் பிறாண்டத்தான் செய்கிறான்.

இப்போது என் தம்பியின் குரல் என் மகளைக் கூப்பிடுகிறது. அவன் ஒருவன்தான் அவளுடைய முழுப் பேரையும் சொல்லிக் கூப்பிடுவான். ஸ்கூல் வாத்தியார் அட்டெண்டன்ஸ் எடுக்கிற மாதிரி, ஒரே மூச்சில். அவளும் எழுந்து நின்று, "உள்ளேன் ஐயா!" என்பாள். சின்ன வயசிலிருந்து இருவருக்கும் அது விளையாட்டு. அவன் கூப்பிட்டு அவள் பதில் சொல்லாமல் இருந்ததில்லை.

அதனால் அவள் வாயில் துணி வைத்து மேலே துண்டு கட்டியிருக்கிறேன். தூங்கும்போது கையையும் கட்டிவிடுகிறேன். தூக்கத்தில் துண்டை இழுக்கிறாள். சோற்றைக் கரைத்துக் கொடுக்கும்போது மட்டும் அவிழ்ப்பேன், அப்போதும் என் உள்ளங்கை அவள் வாய்க்குப் பக்கத்திலேயே இருக்கும். முதலில் அழுதாள். இப்போது அழுவதில்லை. வாயோரம் புண்ணாகிவிட்டது. இப்படி எத்தனை நாள் வைத்திருக்க முடியும் என்று நீங்களே சொல்லுங்கள்.

வேண்டுதலுக்காகத்தான் சிங்கப்பெருமாள் கோவிலுக்கு அவளை ரயிலில் அழைத்து வந்தேன். சத்தியமாக, வேறு எண்ணம் அப்போது இல்லை. குகைக்குள் நரசிம்மர் சன்னதியில் எங்களுக்கு முன்னால் நீங்கள் நின்றிருந்தீர்கள். பட்டர் பேர் கேட்டார்.

"அபிதகுஜாம்பாள். சுவாதி நட்சத்திரம்" என்றீர்கள்.

என் மகள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

வெளியே வந்ததும் நானாகப் பேச்சுக் கொடுத்தேன். இவள் பேரும் அதுதான் என்றதும் நீங்கள் சிரித்தீர்களே, அப்படி ஒரு சிரிப்பு எங்கள் வீட்டில் கேட்டு நாளாயிற்று.

"அய்ய, நெஜமாவா? திருவண்ணாமலை அம்மனுக்கு வேண்டிகினு எங்கம்மா வெச்ச பேரு சார் இது. நான் பட்ட பாடு இன்னா தெரியுமா? எக்ஸாம் பேப்பர்ல பேர் எழுதி முடிக்கறதுக்குள்ள மத்தவ ஒரு கேள்விக்கு ஆன்சர் எழுதிடுவா. பாப்பா, இன்னா வாய்ல கட்டு? பல்வலியா? கிராம்புத் தைலம் வெச்சிக்கோ."

மாசமாக இருப்பவர்கள் தேங்காய் உடைக்கக் கூடாது என்று சொல்லி என்னிடம் தந்தீர்கள். உடைத்துக் கொடுத்தேன். ஒரு மூடியை என் மகள் கையில் வைத்தீர்கள். உங்கள் வீட்டுக்காரர் கம்பெனியில் ஷிஃப்ட் வேலை என்றும், பகலெல்லாம் தனியாகப் பேச்சுத்துணை இல்லாமல் போரடிக்கிறது என்றும் சொன்னீர்கள். அர்ச்சனைச் சீட்டின் பின்னால் விலாசத்தை எழுதி அவளிடம் கொடுத்து, "ஒரே பேர்ல ரெண்டு பேர் கீறோம், லெட்டர் போடணும், இன்னா?" என்றீர்கள்.

அவள் தலையாட்டினாள்.

விலாசத்தை அவளிடமிருந்து நான் வாங்கி வைத்துக்கொண்டேன்.

நட்சத்திரம் வேறாயிற்றே என்று யோசித்தேன். இடது பூட்ஸுக்கு நட்சத்திரம் ஏது? பேர் போதும்.

இனி நடைமுறை. உங்களை இங்கே விருந்துக்கு அழைக்கலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். இந்த நிலைமையில் உங்களை ரயிலில் அலைக்கழிப்பது சரியில்லை என்று பட்டது. அதனால் ரிஜிஸ்டர் தபால். சாதாரணக் கடிதமானால் வாசலில் வீசிவிட்டுப் போவார்கள். ரிஜிஸ்டர் தபாலை அப்படிப் போட மாட்டார்கள். தபால்காரர் மேலுறையில் எழுதியிருக்கும் முழுப் பேரையும் உரக்கப் படிப்பார். உரியவர் வந்து, நான்தான் என்று சொல்லி, கையில் வாங்கிக் கையெழுத்துப் போட வேண்டும்.

நீங்கள் சொல்லியிருப்பீர்கள். சொல்லாமல் இந்த உறை உங்கள் கைக்கு வந்திருக்காது.

தண்ணீர் கையில் பட வேண்டும் என்பதையும் நான் மறக்கவில்லை. எனக்கு இன்னும் மை மாத்திரையைத் தண்ணீரில் கரைத்துப் பேனாவில் ஊற்றுகிற பழக்கம்தான். எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் படிந்தது, போகவில்லை. கடிதத்தை லாரித் தண்ணீர் மையில் எழுதியிருக்கிறேன். மேலுறையில் உங்கள் பேரை மட்டும் கிணற்றுத் தண்ணீரில் கரைத்த மையால் எழுதியிருக்கிறேன். பலகையைக் கொஞ்சம் நகர்த்தி, கயிற்றில் டம்ளரைக் கட்டி இறக்கி எடுத்தேன். எடுக்கும்போது உள்ளே யாரும் கூப்பிடவில்லை. காத்திருந்தார்கள்.

விஷயத்தை உங்களுக்குச் சொல்லிவிட வேண்டும் என்ற விதிக்கு இந்தக் கடிதம். எதையும் மறைக்கவில்லை. நீங்கள் ஏமாந்து போகவில்லை, தெரிந்துகொண்டுதான் போகிறீர்கள். தயவுசெய்து கடைசி வரை படித்துவிடுங்கள்.

குடத்தைக் கவிழ்த்துப் பயனில்லை. பஞ்சும் பயன்படாது. பதில் சொல்லியாகிவிட்டது. குளிர் முதலில் விரலில் தெரியும். மேலே யாராவது குனிந்து பார்த்தால் அவர்கள் முகம் தெளிவாகவே தெரியும் என்று நினைக்கிறேன். அக்கா எங்களை அப்படித்தான் பார்த்தாள். உங்கள் வயிற்றில் இருப்பதற்கு இன்னும் பேர் வைக்கவில்லை. அதை ஆறு கேட்காது என்றுதான் நம்புகிறேன். எனக்கு உறுதியாகத் தெரியாது. தெரியாததைத் தெரியும் என்று எழுதுவது என் வழக்கமில்லை.

உங்கள் வீட்டுக்காரருக்கு மாதாமாதம் எங்கள் வீட்டிலிருந்து அரிசி வரும். நல்ல பொன்னி. ஆற்றங்கரையில் மீன் கொடுப்பார்கள்; நமக்கு அரிசிதான் சரி.

எழுதிக்கொண்டிருக்கும்போது என் மகள் எதிரே வந்து உட்கார்ந்தாள். யாருக்கு என்று கண்ணால் கேட்டாள். "கோவில்ல பாத்தியே, உன் சிநேகிதி, அவளுக்குத்தான் பேபி" என்றேன். துண்டுக்கு மேலே அவள் கண்கள் சிரித்தன. தானும் விசாரித்ததாக எழுதச் சொல்லிச் சைகை காட்டினாள். விசாரித்ததாக எழுதிவிட்டேன்.

பின்கட்டில் கேசவன் மறுபடி ஆரம்பித்துவிட்டான். பேரைப் பொறுமையாக, ஒரே மூச்சில் சொல்கிறான். நல்ல பையன் அவன், யாரையும் அதட்டியதில்லை. உங்களிடமும் மெதுவாகத்தான் பேசுவான்.

பதினொரு மணி வெயில் மேஜை மேல் அடிக்கிறது. எழுதின பக்கங்களெல்லாம் எப்போதோ காய்ந்துவிட்டன. மேலுறையில் உங்கள் பேர் மட்டும் காயவில்லை. ஒற்றுத்தாள் வைத்து எடுத்தேன், விசிறினேன், வெயிலில் காட்டினேன். எழுத்துகளுக்குள் மை இன்னும் இடமிருந்து வலமாக ஓடிக்கொண்டேயிருக்கிறது.

போகட்டும். பசை தடவி, ஓரத்தை நகத்தால் அழுத்தி ஒட்டிவிட்டேன் என்றால் வேலை முடிந்தது. கூட்டம் சேர்வதற்குள் தபாலாபீசில் கொடுத்துவிட்டு வந்துவிடுகிறேன்.

இப்படிக்கு,
சம்பத்